மோதிரத்தை அடையாளம் தெரியாதவன்

பத்துப் பன்னிரண்டு வருஷமாக ஒரு படத்தைப் பற்றி ஒரே வாக்கியத்தைச் சொல்லிக்கொண்டு திரிந்திருக்கிறேன். "அது போலீஸ் படம் இல்லை, காதல் தோற்ற கதை." முதலில் பார்த்தது சென்னையில் ஒரு திரைப்படச் சங்கத் திரையிடலில், ப்ரொஜெக்டர் நடுவில் இரண்டு தடவை நின்றுபோன ஒரு சாயங்காலம். முடிந்து டீக்கடையில் நின்றபோது அந்த வாக்கியத்தை முதலில் சொன்னது நானா, பக்கத்தில் கிளாஸோடு நின்ற சீனியரா என்று இப்போது நினைவில்லை. யார் சொன்னதோ, அது என்னோடு ஒட்டிக்கொண்டது. போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை அதே படத்தை லேப்டாப்பில் அம்மாவோடு உட்கார்ந்து பார்த்தேன். அம்மா இரண்டே வரி சொன்னாள். அன்றிலிருந்து என் பழைய வாக்கியத்தை வாய் கூசாமல் சொல்ல முடியவில்லை.

படம் 'இட் ஆல்வேஸ் ரெயின்ஸ் ஆன் சண்டே'. 1947இல் ஈலிங் ஸ்டூடியோவிலிருந்து வந்தது. இயக்கம் ராபர்ட் ஹேமர். ஆர்தர் லா பெர்ன் 1945இல் எழுதிய நாவலை வைத்து எடுத்தது. ஈலிங் என்றதும் எல்லோருக்கும் நினைவுக்கு வருவது நகைச்சுவைதான். இதே ஹேமர்தான் இரண்டு வருஷம் கழித்து, அலெக் கின்னஸ் எட்டு வேடத்தில் வரும் 'கைண்ட் ஹார்ட்ஸ் அண்ட் கொரோனெட்ஸ்' எடுத்தார். அதுவும் ஒரு குடும்பத்தைப் பற்றிய குற்றப்படம்தான், ஆனால் அங்கே குடும்பத்தையே ஒவ்வொருவராகத் தீர்த்துக்கட்டிச் சிரிக்க வைக்கிறார்கள். இங்கே யாரும் சிரிப்பதில்லை. மழை பெய்கிறது. அடுப்படி இருட்டாக இருக்கிறது. சாப்பாடு நேரத்துக்கு வரவேண்டும்.

கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். கிழக்கு லண்டன், பெத்னல் க்ரீன், கொரோனெட் க்ரோவ் என்று ஒரு கற்பனைத் தெரு. ரோஸ் அந்தத் தெருவில் ஜார்ஜ் சாண்டிகேட் என்பவருக்கு இரண்டாம் தாரம். ஜார்ஜ் வயதில் மூத்தவர், நல்ல மனிதர். மூத்தவள் பெயர் வை, இளையவள் டோரிஸ்; இருவரும் அவருடைய முதல் தாரத்துப் பெண்கள். கடைக்குட்டி ஆல்ஃபி. ஒரு ஞாயிறு காலை, டார்ட்மூர் சிறையிலிருந்து டாமி ஸ்வான் தப்பிவிட்டான் என்று பேப்பரில் செய்தி. பல வருஷத்துக்கு முன் ரோஸ் மதுக்கடையில் வேலை பார்த்தபோது அவளைக் கட்டிக்கொள்வதாக இருந்தவன் அவன். கொல்லைக்குப் போகிறவளின் கண்ணில் அவனே படுகிறான், நனைந்துபோய், பசியோடு. அன்று ராத்திரிவரை அவனை வீட்டுக்குள் ஒளித்துவைக்கிறாள். படம் முழுக்க அந்த ஒரே நாள்.

கொல்லைப்புறத்துத் தகரக் குகை

டாமி ஒளிந்திருப்பது ஆண்டர்சன் ஷெல்டருக்குள். போர்க்காலத்தில் லண்டன் வீடுகளின் கொல்லையில் குழி வெட்டிப் புதைத்த நெளி தகடுக் குகை அது. 1939 பிப்ரவரியிலிருந்து வீடு வீடாகக் கொடுத்தார்கள். வருஷ வருமானம் 250 பவுண்டுக்குக் கீழே இருந்தால் இலவசம். நாலடி ஆழம் தோண்டி, தகடுகளை வளைத்துப் பூட்டி, மேலே பதினைந்து அங்குலம் மண்ணை வாரிப் போடவேண்டும். ஆறு பேர் உட்காரலாம். மழைக்காலத்தில் உள்ளே தண்ணீர் ஊறும் என்பதுதான் அதில் இருந்தவர்கள் எல்லோரும் சொன்ன குறை. பெயர் வந்தது சர் ஜான் ஆண்டர்சனிடமிருந்து, வான்தாக்குதல் பாதுகாப்புக்குப் பொறுப்பாக இருந்த அமைச்சர். அவர் அதற்கு முன்னால் வங்காள கவர்னராக இருந்தவர். 1934இல் டார்ஜிலிங்கில், லெபாங் குதிரைப் பந்தய மைதானத்தில் அவரைச் சுட முயன்றார்கள், தப்பிவிட்டார். அவர் பெயரைத் தாங்கிய குழியில் ஒரு கைதி பதுங்கியிருப்பது ஹேமர் யோசித்து வைத்ததாக இருக்காது. எனக்குத்தான் அது தெரிந்ததிலிருந்து அந்தக் காட்சியில் ஒரு சின்னக் குறுகுறுப்பு.

1947இல் போர் முடிந்து இரண்டு வருஷம். ஆனால் கொல்லையில் குகை இன்னும் இருக்கிறது. ரேஷன் இருக்கிறது. போர்க்காலத்தில்கூட ரேஷனில் வராத ரொட்டி, 1946 ஜூலையில் ரேஷனுக்கு வந்து 1948 வரை நீடித்தது. ஜெயித்த நாட்டில் ரொட்டிக்குக் கூப்பன். இது எதையும் படம் வசனத்தில் விளக்குவதில்லை. பார்க்க வந்தவர்கள் எல்லோர் வீட்டிலும் அதே கூப்பன் புத்தகம் இருந்தது, யாருக்கு விளக்க? நாம்தான் முக்கால் நூற்றாண்டுக்கு மேல் தள்ளி உட்கார்ந்துகொண்டு, ரோஸ் ஏன் எதற்கெடுத்தாலும் சிடுசிடு என்று இருக்கிறாள் என்று கேட்கிறோம்.

ஞாயிறு என்பதும் அந்தப் பகுதியில் வேறு மாதிரி. ஊரே கடையடைத்துக் கிடக்கும் நாளில் அங்கே பெட்டிகோட் லேன் சந்தை நெரியும். சனிக்கிழமை ஓய்வுநாள் கடைப்பிடிக்கும் யூத வியாபாரிகள் ஞாயிறு மதியம் இரண்டு மணிவரை கடை திறக்க 1936 சட்டம் இடம் கொடுத்திருந்தது. அதனால் படத்தில் வெளியே ஒரு திருவிழாக் கூட்டம், உள்ளே ஒரு புழுக்கமான வீடு. சந்தைப் பக்கம் ஹயாம்ஸ் சகோதரர்கள்: ஒருவன், பெண்டாட்டி இருக்கும்போதே மூத்தவள் வையைத் தன் பின்னால் சுற்ற வைக்கும் சாக்ஸஃபோன்காரன் மாரி. இன்னொருவன் லூ, எல்லோருக்கும் ஏதாவது ஒன்றை 'ஏற்பாடு' செய்துகொடுப்பவன். திருடிய ரோலர் ஸ்கேட்டுகளை எங்கே தள்ளுவது என்று தெரியாமல் அலையும் மூன்று சில்லறைத் திருடர்கள் வேறு. அந்த ஸ்கேட்டுப் பெட்டியோடு அவர்கள் படுகிற பாடு ஒரு தனிப் படம். எல்லோர் வாலையும் பிடித்துக்கொண்டு சார்ஜென்ட் ஃபாதர்கில். அந்த வேடத்தில் ஜாக் வார்னர். பின்னால் 'டிக்ஸன் ஆஃப் டாக் க்ரீன்' தொடரில் இருபது வருஷத்துக்கு மேல் இங்கிலாந்தின் செல்லப் போலீஸ்காரராகவே இருந்துவிட்டார்.

கேமரா டக்ளஸ் ஸ்லோகோம். பின்னால் இந்தியானா ஜோன்ஸ் படங்களை எடுத்த அதே ஆள்தான். பாலைவனத்தில் அவ்வளவு வெயிலைப் பிடித்தவர் இங்கே ஒரு அடுப்படிச் சுவரின் ஈரத்தைப் பிடித்திருக்கிறார். எனக்கு இரண்டாவதுதான் பெரிய வேலையாகத் தெரிகிறது.

அம்மாவுக்கு நான் சொன்ன வசனம்

அம்மாவுக்கு இங்கிலீஷ் படம் ஓடும் வேகத்துக்குப் புரியாது. நான் பக்கத்தில் உட்கார்ந்து தேவையானதை மட்டும் சொல்லிக்கொண்டு வந்தேன். வெளியே வெயில் கொளுத்திக்கொண்டிருந்தது, படத்தில் மட்டும்தான் மழை. அப்பா ஹாலில் பேப்பரோடு இருந்தார். அம்மா முறத்தில் புளியை வைத்துக்கொண்டு கொட்டை எடுத்தபடியே பார்த்தாள். பாதியில் எழுந்துபோய்விடுவாள் என்றுதான் நினைத்தேன்.

முதல் கால் மணி நேரம் அவள் ரோஸை வெறுத்தாள். "சித்திக்காரியா? அதான் மூஞ்சியப் பாத்தாலே தெரியுதே." பெண்களை அதட்டுகிறாள், கதவை அடித்துச் சாத்துகிறாள், வையோடு மல்லுக்கு நிற்கிறாள். நானும் முதல் தடவை அப்படித்தான் நினைத்திருந்தேன். பிறகு டாமி வந்தான். அவன் சட்டையைக் கழற்றும்போது முதுகில் கசையடித் தழும்புகள். சிறையில் அப்போது கசையடி சட்டப்படியான தண்டனை. நீதிமன்றம் அதை விதிக்கும் அதிகாரம் 1948இல்தான் போனது, படம் வந்து அடுத்த வருஷம். நான் இதை அம்மாவுக்குச் சொல்ல ஆரம்பித்தேன். "சும்மா இருடி, முதுகப் பாக்க விடு" என்றாள். புளிக்கொட்டை எடுப்பது நின்றிருந்தது.

அதற்குப் பிறகு நடப்பதை நான் எப்போதுமே காதலாகத்தான் பார்த்திருந்தேன். பழைய காதலன் வந்திருக்கிறான், இவள் நெஞ்சு படபடக்கிறது, கணவன் கீழே, காதலன் மேலே, ஒரு பூட்டிய படுக்கையறை. அம்மா பார்த்தது வேறு. "பாவம், இன்னும் ஒரு ஆளுக்கும் சேத்து வடிக்கணும்" என்றாள். நான் சிரித்தேன். ஆனால் திரும்ப ஓட்டிப் பார்த்தபோது அந்தப் பகுதி முழுக்க அப்படித்தான் இருக்கிறது. அவன் நனைந்திருக்கிறான், காயவைக்கவேண்டும். பசித்திருக்கிறான், யார் கண்ணிலும் படாமல் சாப்பாடு எடுத்துப் போகவேண்டும். தூங்கவேண்டும், அதுவரை வீட்டில் இருக்கும் மற்றவர்களை அந்த அறைப் பக்கம் விடக்கூடாது. ஒரு கைதியை ஒளித்துவைப்பது என்றால் ஏதோ பெரிய துணிகரம் என்று நினைக்கிறோம். ரோஸ் அதை ஞாயிற்றுக்கிழமை வேலைகளின் வரிசையில் சேர்த்துச் செய்கிறாள். மேலே ஒரு ஆள் மரண பயத்தோடு படுத்திருக்கும்போது கீழே மதியச் சாப்பாடு தயாராகவேண்டும், ஏனென்றால் பப் மூடியதும் ஜார்ஜ் வந்துவிடுவார். இந்த இரண்டு வேலையையும் ஒரே முகத்தோடு செய்கிறாளே, அதுதான் கூகி விதர்ஸின் நடிப்பு. கண்ணீர் இல்லை, விம்மல் இல்லை. தலைமுடி மட்டும் கொஞ்சம் கொஞ்சமாகக் கலைந்துகொண்டே வருகிறது.

மோதிரம்

இப்போது அந்த இடத்துக்கு வருகிறேன். நான் படத்தைக் காதல் கதை என்று சொல்லிக்கொண்டிருந்ததற்கு ஆதாரமே அந்த இடம்தான். தப்பிப் போக டாமிக்குப் பணம் வேண்டும். ரோஸிடம் பணம் ஏது? ஒளித்து வைத்திருந்த ஒரு மோதிரத்தை எடுத்து வந்து கொடுக்கிறாள். முன்னால் பழைய நாட்கள் காட்டப்பட்டபோது அவன் அவளுக்குப் போட்ட மோதிரம் அது. இன்னொருவனைக் கட்டி, அவன் பெண்களை வளர்த்து, குண்டு விழுந்த இரவுகளைத் தாண்டி, எத்தனையோ முறை கையில் காசில்லாமல் நின்றிருப்பாள், அப்போதெல்லாம் விற்காமல் வைத்திருந்தது. அவன் வாங்குகிறான். பார்க்கிறான். விற்றால் ஏதாவது தேறுமா என்கிற பார்வை. அது தான் கொடுத்தது என்று அவனுக்குத் தெரியவே இல்லை.

ஹேமர் அங்கே இசையை வைத்து அடிக்கவில்லை. ரோஸ் "இது நீ கொடுத்ததுதான்" என்று சொல்வதில்லை. அவள் அதை விழுங்கிக்கொள்கிறாள், அவ்வளவுதான். நான் முதல் தடவை பார்த்தபோது அரங்கில் யாரோ "ச்ச" என்றார்கள். டீக்கடையில் நாங்கள் பேசியதெல்லாம் இதைத்தான். அவள் ஒரு ஆயுள் முழுக்க வைத்திருந்ததை அவன் அரை நிமிஷத்தில் மறந்திருந்தான், அதோடு அந்தக் காதல் செத்தது, மிச்சப் படம் அதன் சவ ஊர்வலம். இப்படி ஒரு வாக்கியத்தை நான் எங்கோ எழுதியும் இருக்கிறேன். இப்போது படித்தால் கூச்சமாக இருக்கிறது.

அந்தக் காட்சி வந்ததும் படத்தை நிறுத்திவிட்டு அம்மாவைப் பார்த்தேன். "அவன் குடுத்த மோதிரம்மா அது. அவனுக்கே தெரியல பாரு."

அம்மா அசரவில்லை. "எந்த ஆம்பளைக்கு எந்த நகை ஞாபகம் இருக்கு? உங்கப்பா எனக்கு ஜிமிக்கி வாங்கிக் குடுத்தாரு, நீ பொறந்த வருஷம். போன தீபாவளிக்குப் போட்டேன். இது யாரு வாங்கிக் குடுத்தது, உங்கண்ணனான்னு கேக்குறாரு." ஹாலிலிருந்து அப்பா, "என்னது?" என்றார். "ஒண்ணுமில்ல, நீங்க படிங்க" என்றாள் அம்மா. பிறகு என் பக்கம் திரும்பி, "மறந்தது தப்பில்லடி. வெல பாத்தான் பாரு, அதான். அது அவளுக்குத் தெரிஞ்சுபோச்சு. தெரிஞ்சப்புறமும் ஏன் காப்பாத்துறா? அதச் சொல்லு."

நான் பதில் சொல்லவில்லை. ஸ்பேஸ் பாரைத் தட்டினேன், படம் ஓடியது. ஆனால் மிச்சப் படத்தை நான் அந்தக் கேள்வியோடுதான் பார்த்தேன். ஏனென்றால் என் வாக்கியத்தில் அதற்கு இடமே இல்லை. மோதிரத்தோடு காதல் செத்தது என்றால் ரோஸ் அப்போதே அவனைக் கொல்லைப்புறமாக வெளியே தள்ளியிருக்கவேண்டும், அல்லது தெருமுனைப் போலீஸ்காரனைக் கூப்பிட்டிருக்கவேண்டும். அவள் அப்படி எதுவும் செய்யவில்லை. முன்பைவிட மூர்க்கமாக அவனைப் பாதுகாக்கிறாள். பத்திரிகைக்காரன் ஒருவன் மோப்பம் பிடித்து வாசலுக்கு வரும்வரை, எல்லாம் கைமீறிப் போகும்வரை.

ரெண்டு மூன்று நாள் இது என்னை விடவில்லை. பேருந்தில், ஆபீஸில் மீட்டிங்கில், ராத்திரி பாத்திரம் கழுவும்போது. இப்போதைக்கு எனக்குத் தோன்றுவது இதுதான். அவள் காப்பாற்றுவது டாமியை அல்ல. அந்த வீட்டில் ரோஸுக்கு என்று சொல்லிக்கொள்ள இருந்தது அந்த மோதிரமும், அதோடு சேர்ந்த ஒரு ரகசியமும்தான். வீடு ஜார்ஜுடையது. பெண்கள் ஜார்ஜுடையவர்கள். அடுப்பு மட்டும் இவளுடையது, அதை யாரும் பங்குக்குக் கேட்பதில்லை. அந்த ரகசியம் ஒரு நாள் உடம்பெடுத்து வந்து படுக்கையில் படுத்திருக்கிறது. அது நினைத்த மாதிரி இல்லை, அதற்குத் தன்னை அடையாளம்கூடத் தெரியவில்லை. ஆனாலும் அதைப் போலீஸிடம் ஒப்படைத்துவிட்டால் பிறகு அவளிடம் மிஞ்சுவது என்ன? திங்கட்கிழமைத் துணி துவையல்தானே. இதைக் காதல் என்று சொல்ல எனக்கு இப்போது நா எழவில்லை. வேறு என்ன பெயர் என்றும் தெரியவில்லை.

ஜார்ஜைப் பற்றி நான் இத்தனை வருஷம் யோசித்ததே இல்லை. எட்வர்ட் சாப்மன் அந்த வேடத்தைச் செய்திருக்கும் விதத்தில் கோபிக்க ஒரு இடமும் இல்லை. கைநீட்டுகிறவர் இல்லை, குடித்துவிட்டு விழுகிறவர் இல்லை, பப்புக்குப் போவார், டார்ட்ஸ் எறிவார், வருவார். அதுதான் ரோஸின் நிலைமையை இன்னும் இறுக்குகிறது என்று இப்போது படுகிறது. கெட்டவனாக இருந்தால் ஓடிப்போக ஒரு காரணமாவது இருக்கும்.

ஒரு சின்ன விலகல், ஆனால் சொல்லாமல் இருக்க முடியாது. ரோஸாக நடித்த கூகி விதர்ஸ் 1917இல் கராச்சியில் பிறந்தவர். இயற்பெயர் ஜார்ஜெட். 'கூகி' என்பது ஆயா கூப்பிட்ட செல்லப்பெயர் என்று அவரே சொல்லியிருக்கிறார். டாமியாக நடித்த ஜான் மெக்கலம் ஆஸ்திரேலியாக்காரர். படத்தில் தான் போட்ட மோதிரத்தை அடையாளம் தெரியாமல் நிற்கிறாரே, அதே மனிதர் 1948 ஜனவரியில், படம் வெளியாகி இரண்டு மாதத்துக்குள், விதர்ஸுக்கு நிஜமாகவே மோதிரம் போட்டார். 2010இல் அவர் இறக்கும்வரை, அறுபத்திரண்டு வருஷம், சேர்ந்து வாழ்ந்தார்கள். நடுவில் ஆஸ்திரேலியாவுக்குக் குடிபோய், 'ஸ்கிப்பி' என்ற கங்காருத் தொடரைத் தயாரித்தார் மெக்கலம். டார்ட்மூர் கைதிக்கும் குழந்தைகளின் கங்காருவுக்கும் இடையில் ஒரே ஆள். அம்மாவிடம் இதைச் சொன்னபோதுதான் அன்று முதல்முறையாக முழுசாகச் சிரித்தாள். "அப்ப அந்த மோதிரம் ஞாபகம் இருந்திருக்கும்."

கடைசிப் பகுதி ராத்திரி. ரயில் பெட்டிகளைப் பிரித்துக் கோக்கும் யார்டில் துரத்தல், நீராவி, தண்டவாளங்கள், கத்தும் இரும்பு. விமர்சகர்கள் எல்லோரும் பாராட்டும் பகுதி அது, பாராட்டவேண்டியதுதான். அம்மாவுக்கு அதில் அக்கறை இல்லை. "அவன் மாட்டுவான், விடு. அவ என்ன ஆனா?" என்றாள். ரோஸ் உயிரை விட முயன்று பிழைத்து, ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடக்கிறாள். அன்றைய இங்கிலாந்தில் அந்த முயற்சியே ஒரு குற்றம், 1961இல்தான் அந்தச் சட்டத்தை எடுத்தார்கள். ஆக அன்று அந்தத் தெருவில் நடந்த குற்றங்களை எண்ணினால் ரோஸின் கணக்கில் மட்டும் இரண்டு. கைதியை ஒளித்துவைத்தது ஒன்று, இது இன்னொன்று. ஜார்ஜ் பக்கத்தில் வந்து உட்காருகிறார். திட்டவில்லை. பிறகு தனியாக வீட்டை நோக்கி நடக்கிறார், மழை விட்டு வானம் தெளிந்திருக்கிறது.

நான் லேப்டாப்பை மூடினேன். அம்மா முறத்தை எடுத்துக்கொண்டு எழுந்தாள். அடுப்படி வாசலில் நின்று, "அந்தப் பிள்ளைங்க ராத்திரி என்னத்தச் சாப்பிட்டுச்சுங்க?" என்றாள்.

"அதக் காட்டலம்மா."

"காட்ட மாட்டாங்க" என்று சொல்லிவிட்டு உள்ளே போனாள். கொஞ்ச நேரத்தில் குக்கரைக் கழுவும் சத்தம் கேட்டது.